நீள்துளையா, கண்ணாடியா? மூன்று சுழல்படக் கருவிகள்

வரைந்த உருவங்களை அசையச் செய்த 19ஆம் நூற்றாண்டுக் கருவிகளான பெனகிஸ்டிஸ்கோப், ஸோட்ரோப், பிராக்ஸினோஸ்கோப் ஆகிய மூன்றையும் படிப்படியான முன்னேற்றமாகவே பலரும் எழுதுகின்றனர். பார்ப்பவரின் கோணத்தில் அது பெரும்பாலும் சரி. வரைபவரின் கோணத்தில் அவ்வளவு சரியில்லை.

1832இன் இறுதியில் பெல்ஜியத்தின் ஜோசப் பிளாட்டோவும் வியன்னாவின் சைமன் ஷ்டாம்ப்ஃபரும் தனித்தனியே உருவாக்கிய பெனகிஸ்டிஸ்கோப், நீள்துளைகள் வெட்டிய ஓர் அட்டை வட்டு. அதைச் சுழற்றி, துளைகள் வழியே நிலைக்கண்ணாடியில் அதன் பிம்பத்தைக் காண வேண்டும் என்பதால், ஒரு நேரத்தில் ஒருவரே பார்க்க முடிந்தது.

வில்லியம் ஜார்ஜ் ஹார்னர் 1834இல் முன்வைத்தும் 1860களில்தான் கடைகளை எட்டிய ஸோட்ரோப், சுவரில் நீள்துளைகள் கொண்ட, மேற்புறம் திறந்த சுழல் உருளை. உள்ளே வைக்கும் படப்பட்டையைச் சுற்றி நின்று பலரும் காணலாம். ஆனால் நம் பக்கத்துத் துளைகள் ஒரு திசையிலும் எதிர்ப்பக்கத்துப் படங்கள் மறு திசையிலும் ஓடுவதால் உருவங்கள் ஒடுங்கித் தெரியும். வட்டமாக வரைந்த பந்து முட்டையாகிவிடும். அகலமாக வரைந்து இதை ஈடுகட்டலாம். துளைகளைவிடப் படங்களில் ஒன்றைக் கூட்டியோ குறைத்தோ வரைந்தால், உருவங்கள் அசைவதோடு உருளையைச் சுற்றி நகரவும் தொடங்கும். வரைபவருக்கு இதைவிடச் சுவையான விளையாட்டு வேறில்லை.

இவ்விரண்டுக்கும் பொதுவான குறை வெளிச்சம். துளை குறுகினால் படம் மங்குகிறது, அகன்றால் கலங்குகிறது. பிரான்சின் எமில் ரெனோ 1877இல் காப்புரிமை பெற்ற பிராக்ஸினோஸ்கோப், துளைகளையே நீக்கி, உருளையின் நடுவில் படங்களைப் பிரதிபலிக்கும் 12 கண்ணாடிகளை நிறுத்தி இச்சிக்கலைத் தீர்த்தது. பிரகாசத்தில் மற்ற இரண்டும் அதன் அருகில் நிற்க முடியாது. ஆயினும் பன்னிரண்டே படங்கள். கண்ணாடிகளின் கோணம் சற்றுப் பிசகினாலும் படம் துள்ளும்.

முடிவின்றிச் சுழலும் காட்சி மூன்றுக்கும் உள்ள எல்லை. 1868இல் ஜான் பார்ன்ஸ் லினெட் காப்புரிமை பெற்ற, தாள்களை விரைந்து புரட்டினால் படம் அசையும் புரட்டுப் புத்தகத்தில் தொடக்கமும் முடிவும் இருந்தன, எனினும் கதை சொல்ல அது மிகக் குட்டை. ரெனோவோ கண்ணாடி முறையையே நீண்ட படச்சுருளுக்கு விரித்து, 1892 அக்டோபர் 28 அன்று பாரிஸின் கிரெவின் அருங்காட்சியகத்தில் திரையிட்டார். லூமியேர் சகோதரர்கள் 1895இல் நடத்திய கட்டணத் திரைப்படக் காட்சிக்கு அது மூன்றாண்டு முந்தையது.

பார்த்து மகிழ பிராக்ஸினோஸ்கோப்பையே பரிந்துரைப்பேன். வீட்டில் செய்து, வரைந்து பழக விரும்புவோருக்கு ஸோட்ரோப் போதும்: உருளையின் வெளிப்புறத்துக்குக் கறுப்புப் பூசி, விளக்கை மேலிருந்து உள்ளே விழுமாறு வைத்தால் மங்கலும் பெரிதும் குறையும்.