டி.ஆர்.டி.யா, லோக் அதாலத்தா? நோட்டீஸ் கையில் இருந்தபோது போட்ட கணக்கு

வீட்டுப் பத்திரத்தை அடமானம் வைத்து வாங்கிய தொழில் கடன். திருப்பூரில் பனியன் யூனிட் படுத்ததும் தவணை நின்றது. 90 நாள் தாண்டியதும் கணக்கு வாராக்கடன் ஆகி, கோர்ட்டுக்குப் போகாமலே அடமானச் சொத்தை எடுத்து விற்க வங்கிக்கு அதிகாரம் தரும் சர்ஃபேசி சட்டம் 13(2) பிரிவின்படி 60 நாள் நோட்டீஸ் வந்தது. சிவில் கோர்ட் வழியை அந்தச் சட்டத்தின் 34ஆம் பிரிவு ஏறக்குறைய அடைத்துவிடுகிறது. மிச்சம் இரண்டு: கோவை கடன் மீட்புத் தீர்ப்பாயத்தில், அதாவது டி.ஆர்.டி.யில் வழக்கு, இல்லையென்றால் லோக் அதாலத்தில், அதாவது மக்கள் நீதிமன்றத்தில் பேசி முடிப்பது. நான் பேசி முடித்தவன், அதனால் அந்தப் பக்கம்தான் சாய்வேன்.

நோட்டீஸ் வந்த அன்றே டி.ஆர்.டி.க்கு ஓட முடியாது. 13(4)இன்படி வங்கி சொத்தைக் கைப்பற்ற இறங்கிய பிறகு 45 நாளுக்குள் 17ஆம் பிரிவில் மனு போட வேண்டும். அதற்கு முன்பே நோட்டீசுக்கு எழுத்தில் ஆட்சேபம் அனுப்பலாம். வங்கி 15 நாளில் பதில் சொல்லியாக வேண்டும். எந்த வழியில் போனாலும் இதை அனுப்பிவிடுங்கள்.

எனக்கு முடிவைச் சொன்னது வட்டிதான். நிலுவை 11 லட்சம், வட்டி 13 சதவீதம்: மாதம் கிட்டத்தட்ட 12,000 ரூபாய். வழக்கு நடக்கிறது என்பதற்காக அது நிற்காது. இரண்டு வருடம் இழுத்தால் கூட்டு வட்டி சேர்க்காமலே 2.86 லட்சம். ஏலத்துக்கு இடைக்காலத் தடை கிடைத்தாலும், ‘இவ்வளவு கட்டு’ என்ற நிபந்தனையோடுதான் பெரும்பாலும் வரும். தோற்று மேல்முறையீட்டுக்குப் போனால் கடனில் பாதியைக் கட்ட வேண்டும். மேல்முறையீட்டுத் தீர்ப்பாயம் மனது வைத்தால் கால் பங்கு வரை குறையும். அவ்வளவு பணம் இருந்தால் நான் ஏன் தவணை தவறுகிறேன்?

லோக் அதாலத்தில் கட்டணம் இல்லை. என் 11 லட்சத்தில் அசல் 8.6 லட்சம். மொத்தம் 9 லட்சத்துக்குப் பேசி, மூன்று தவணையில் முடிந்தது. அசலில் ஒரு ரூபாய்கூடக் குறைக்கவில்லை, வட்டியில்தான் இறங்கினார்கள். வங்கி ஒத்துக்கொள்ளாவிட்டால் அங்கே யாரும் கட்டாயப்படுத்த முடியாது. ஓவர்லாக் மெஷின்களை விற்று முதல் தவணைப் பணத்தைக் கையில் வைத்துக்கொண்டு போனதால்தான் மேலாளர் காது கொடுத்துக் கேட்டார் என்பது என் எண்ணம். ஒன்று கவனம்: அங்கே வரும் உத்தரவு சிவில் கோர்ட் டிக்ரிக்குச் சமம், மேல்முறையீடு கிடையாது. தவணை தவறினால் நேரே நிறைவேற்று மனுதான், அதாவது அந்த உத்தரவை வைத்தே கோர்ட் மூலம் வசூல். கட்ட முடியாத தொகைக்குக் கையெழுத்துப் போடாதீர்கள்.

சரி, டி.ஆர்.டி. யாருக்கு? அடமானம் விவசாய நிலமாக இருந்தாலோ, பாக்கி மொத்தக் கடனில் 20 சதவீதத்துக்கும் கீழே வந்துவிட்டிருந்தாலோ, சர்ஃபேசியே பொருந்தாது. அங்கே போய்ச் சண்டை போடுங்கள். நோட்டீசில் கணக்கே தப்பு என்றாலும் அப்படித்தான். நான் அந்தப் படி ஏறியதில்லை, எனவே அங்கே எத்தனை வாய்தா, எவ்வளவு வக்கீல் செலவு என்பதை அனுபவித்தவர்களிடம் கேளுங்கள்.

கடன் வரலாற்றைப் பதிந்து வைக்கும் சிபிலில் என் கணக்குக்கு எதிரே ‘செட்டில்டு’ என்று நிற்கிறது. புதுக் கடனுக்கு அது எவ்வளவு உதைக்கும் என்று தெரியாது, இன்னும் எங்கும் கேட்டுப் பார்க்கவில்லை. கடைசித் தவணை கட்டிய கையோடு பாக்கி இல்லை என்ற நோ டியூ சான்று வாங்கி, சார்பதிவாளர் அலுவலகத்தில் அடமானத்தை ரத்து செய்து, வில்லங்கச் சான்றும் எடுத்துப் பார்த்துவிட்டேன்.