அளவு சரியாக இருந்தது, படம்தான் இல்லை

டர்பனின் சாட்ஸ்வொர்த்தில் வசிக்கிறேன். உறவினர் வீட்டு அலமாரிகளில் கிடக்கும் பழைய விஎச்எஸ் ஒளிநாடாக்களைக் கணினிக்கு மாற்றிக் கொடுத்து வருகிறேன். பெரும்பாலும் காவடியும் கல்யாணமும்தான். நான் பதிவு செய்யும் முறையில் ஒரு மணி நேரக் காட்சிக்குச் சுமார் 13 ஜிபி இடம் வேண்டும்.

2023 தொடக்கத்தில் இங்கே மின்வெட்டு உச்சத்தில் இருந்தது. ஒரே நாளில் பலமுறை, ஒவ்வொரு முறையும் இரண்டு மணி நேரம். ஒரு மாலை மேசைக்கணினியிலிருந்து வெளிவட்டுக்குக் கோப்பு ஒன்று போய்க்கொண்டிருந்தபோது எல்லாம் அணைந்தது. மின்சாரம் திரும்பியதும் பார்த்தேன். கோப்பு இருந்தது, அளவும் மூலத்தோடு அப்படியே ஒத்திருந்தது. நம்பி மூலத்தை அழித்துவிட்டேன்.

சில நாள் கழித்துச் சின்னம்மா வந்து பார்க்க உட்கார்ந்தார். மஞ்சள் சேலையில் ஆயா தேருக்குப் பின்னால் நடந்து வருகிறார், பக்கத்தில் யாரோ உடுக்கை அடிக்கிறார்கள். இருபத்திரண்டாவது நிமிடத்தில் திரை கறுத்தது. அதன்பின் கடைசிவரை ஒன்றுமில்லை. கடலோர ஈரத்தில் பூஞ்சை பிடித்திருந்த அந்த நாடா, பதிவு செய்த அன்றே அறுந்துபோயிருந்தது. ஆயா பாடியது அதற்குப் பிந்தைய பகுதியில்.

பிறகுதான் காரணம் விளங்கியது. நகலெடுக்கத் தொடங்கும்போதே வட்டில் முழு அளவுக்கும் இடம் ஒதுக்கப்பட்டுவிடும். உள்ளடக்கம் பின்னால் மெல்ல நிரம்பும். நடுவில் மின்சாரம் போனால் அளவு முழுதாகத் தெரியும், மீதி வெறும் பூஜ்யங்கள்.

அந்த வாரமே டெராகாப்பிக்கு மாறினேன். கோப்புகளை நகலெடுக்க 2007 முதல் இருக்கும் மென்பொருள். வீட்டுப் பயன்பாட்டுக்கு இலவசம். நகலெடுத்த பின் சரிபார்க்கும் வசதியை இயக்கினால், மூலத்துக்கும் நகலுக்கும் செக்சம் (உள்ளடக்கத்திலிருந்து கணக்கிடும் அடையாள எண்) கணக்கிட்டு ஒப்பிடுகிறது. பச்சைக் குறி வந்தால்தான் ஒத்துப்போனதாகப் பொருள். ஒரு கோப்பில் பிழை வந்தாலும் அதை விட்டுவிட்டு மற்றவற்றைத் தொடரும். எது தவறியது என்று பட்டியலில் காட்டும். இருநூறு புகைப்படங்களில் நான்கு கெட்டிருந்தால் அந்த நான்கை மட்டும் தேடினால் போதும்.

வேகத்துக்காக இதை நிறுவுகிறவர்கள் ஏமாறுவார்கள். வட்டும் கேபிளும் தரும் வேகத்துக்கு மேல் எந்த மென்பொருளும் ஓடாது. சரிபார்ப்புக்காக நகலை மறுபடி முழுதாகப் படிக்க வேண்டியிருப்பதால் நேரம் கிட்டத்தட்ட இரண்டு மடங்காகிறது. இரவில் ஓடவிட்டுத் தூங்கப் போகிறேன். அந்தக் காத்திருப்பு எனக்குச் சம்மதம்.

விஸ்டா பதிப்பு முதல் விண்டோஸுடனே வருகிற நகலெடுக்கும் கருவியான ரோபோகாப்பியையும் சில மாதங்கள் பயன்படுத்திப் பார்த்தேன். வலுவானதுதான், ஆனால் கட்டளைகளைத் தட்டச்சு செய்ய வேண்டும். இயல்புநிலையில் தவறிய கோப்பைப் பத்து லட்சம் முறை, முறைக்கு 30 விநாடி காத்திருந்து முயலும். அந்த எண்ணிக்கையை நாம்தான் குறைக்க வேண்டும். ஒரு கோப்புறையை மற்றொன்றைப் போலவே ஆக்கும் கண்ணாடிப் பிரதிக் கட்டளையில் மூலமும் நகலும் இடம் மாறிப்போனால் மூலமே அழிந்துவிடும். எனக்கு முக்கியமான குறை வேறு: அது அளவையும் தேதியையும் பார்க்கிறது, உள்ளடக்கத்தை ஒப்பிடுவதில்லை. அளவை நம்பித்தான் ஆயாவின் பாட்டை இழந்தேன்.

வட்டு எந்த ஃபார்மேட்டில் (கோப்புகளை அடுக்கிவைக்கும் முறையில்) இருக்கிறது என்பதையும் கவனியுங்கள். ஃபேட்32 என்றால் 4 ஜிபிக்கு மேற்பட்ட கோப்பு ஏறாது. எக்ஸ்ஃபேட்டில் ஏறும், ஆனால் மாற்றங்களைக் குறித்துவைக்கும் ஏற்பாடு அதில் இல்லை. மின்சாரம் அடிக்கடி போகும் வீட்டுக்கு அந்த ஏற்பாடு உள்ள என்டிஎஃப்எஸ் மேல்.

நான் அதிகம் மதிப்பது செக்சம் பட்டியலைத் தனிக்கோப்பாகச் சேமிக்கும் வசதியை. தைப்பூசத்துக்கு முந்தைய வாரம், ஒரே கோப்புகளை வைத்திருக்கும் என் இரண்டு வட்டுகளையும் எடுத்து அந்தப் பட்டியலோடு சோதிக்கிறேன். சென்ற முறை ஒரு கல்யாணக் காட்சி மட்டும் சிவப்பில் நின்றது; இரண்டாவது வட்டிலிருந்த பிரதி சரியாக இருந்தது. அதையே எடுத்து மாற்றி, பச்சை வரும்வரை உட்கார்ந்திருந்தேன்.