கொரோலா 121-க்கு மூன்று சோடி போல் ஜொயின்ட்: ஏழு வருட அனுபவம்

2018 டிசம்பர் விடுமுறைக்கு யாழ்ப்பாணம் போகும்போது முறிகண்டிப் பிள்ளையாரடியில் காரை நிறுத்தினேன். வெள்ளவத்தையிலிருந்து அதுவரை முந்நூறு கிலோமீட்டருக்கு மேல் ஓடியும் ஒரு சத்தமும் கேட்கவில்லை. ஸ்டியரிங்கை முழுக்க இடப்பக்கம் ஒடித்து, வீதியோர மணலில் மெதுவாக இறக்கியபோது மட்டும் இடது முன்சில்லுக்குப் பக்கத்தில் "டொக்" என்று ஒரு தட்டு. திரும்ப எடுக்கும்போது இன்னொரு தட்டு. தேங்காய் உடைத்துவிட்டுப் புறப்பட்டோம். வேகம் எடுத்ததும் சத்தத்தைக் காணோம். கொழும்புக்குத் திரும்பும்வரை அதைப் பெரிதாக எடுக்கவில்லை.

என்னுடையது 2004-ஆம் ஆண்டுக் கொரோலா 121, 1500 சிசி. 2012-இல் வாங்கினேன். அந்த டிசம்பரில் மீட்டர் 1 இலட்சத்து 62 ஆயிரத்தைத் தொட்டிருந்தது. போல் ஜொயின்ட் என்பது முன்சில்லைக் காரின் அடியோடு இணைக்கும், எப்பக்கமும் திரும்பக்கூடிய குண்டு மூட்டு. அதன் பிறகு நடந்ததைக் கொஞ்சம் விரிவாக எழுதுகிறேன். பழைய கார் வைத்திருக்கும் பலர் இதே சத்தத்துக்கு இதே வரிசையில் காசு செலவழிப்பதைப் பார்த்துவிட்டேன்.

ஜனவரியில் வீட்டுக்குக் கிட்ட இருந்த ஒரு கராஜில் காட்டினேன். ஒரு சுற்று ஓட்டிப் பார்த்துவிட்டு, முன் ஷொக் அப்சோபர் இரண்டும் முடிந்துவிட்டது என்றார்கள். மாற்றினேன். கார் கொஞ்சம் மெத்தென்று ஓடியது உண்மை. ஆனால் மரைன் டிரைவ் பக்கமிருந்து எங்கள் ஒழுங்கைக்குள் திரும்பும் இடத்தில் அதே "டொக்". மறுபடி போனேன். ஸ்டெபிலைசர் லிங்க் என்றார்கள். அதையும் மாற்றினேன். சத்தம் அப்படியே இருந்தது. வீல் எலைன்மன்டும் இரண்டு முறை செய்தாகிவிட்டது. கார் இடப்பக்கம் இழுப்பது நிற்கவில்லை, இடது டயரின் உட்புறம் தேய்ந்துகொண்டே வந்தது. ஷொக்குக்குக் கொடுத்த காசைவிட எனக்குக் கோபம் வேறு விஷயத்தில். அந்தக் கராஜில் ஒருவர்கூடச் சில்லைத் தூக்கி, கையால் பிடித்து ஆட்டிப் பார்க்கவில்லை.

மார்ச்சில் நண்பர் ஒருவர் தெஹிவளையில் தனியாக வேலை செய்யும் ஒரு மெக்கானிக் பாஸிடம் கூட்டிப்போனார். அறுபது வயதைத் தாண்டியவர். நான் சொன்னதை முழுக்கக் கேட்டார், காரை ஓட்டிப் பார்க்கவில்லை. ஸ்டியரிங்கை ஒரு பக்கம் ஒடிக்கச் சொல்லிவிட்டுக் குந்தியிருந்து டோர்ச் அடித்தார். சில்லுக்குப் பின்னால், அதைக் கீழிருந்து பிடிக்கும் இரும்புக் கையான லோவர் ஆர்மின் நுனியில், ஒரு கறுப்பு ரப்பர் தொப்பி. அதைத் துணியால் துடைத்துவிட்டு விரலால் அமுக்கினார். ரப்பரில் ஒரு பிளவு வாய் திறந்தது. உள்ளேயிருந்து கிரீஸ் வரவில்லை. தேநீர்ச் சாயம் மாதிரி மண்ணிறத்தில் ஒரு ஈரம்தான் வந்தது. விரலை என் பக்கம் நீட்டினார்.

"தம்பி, இது துரு. போல் ஜொயின்ட் உள்ளுக்குத் தண்ணி குடிச்சிருக்கு."

அப்புறம்தான் ஜெக் போட்டார். சரியாகப் போல் ஜொயின்ட்டைப் பார்ப்பதை நான் முதல் தடவையாக அன்றுதான் பார்த்தேன். அதன்பின் ஒவ்வொரு ஆறு மாதமும் நானே செய்து பழகிவிட்டேன்.

ஸ்பிரிங்கும் ஷொக்கும் ஒரே தூணாக வரும் மெக்பர்சன் ஸ்ட்ரட் வைத்த, கொரோலா போன்ற கார்களில் முன்பக்கப் பாரத்தை ஸ்பிரிங்கும் ஸ்ட்ரட்டும் தாங்குகின்றன. கீழே இருக்கும் போல் ஜொயின்ட் பாரம் தூக்குவதில்லை. சில்லை அதன் இடத்தில் பிடித்துவைத்து, மேலும் கீழும் ஆடவும் திரும்பவும் விடுவதுதான் அதன் வேலை. அதனால் ஜெக்கைக் காரின் பொடிக்குக் கீழே, அதற்கென்று உள்ள இடத்தில் கொடுத்துச் சில்லைத் தொங்கவிட்டுத்தான் பார்க்க வேண்டும். ஸ்பிரிங் நேரே லோவர் ஆர்மின் மேல் உட்காரும் வாகனங்களில் முறை வேறு. அங்கே போல் ஜொயின்ட்டுக்குக் கிட்ட லோவர் ஆர்முக்குக் கீழேயே ஜெக் கொடுக்க வேண்டும். இடம் மாறினால் ஸ்பிரிங்கின் இறுக்கத்தில் தேய்மானம் மறைந்துவிடும்.

சில்லின் உச்சியிலும் அடியிலும் கை வைத்து உள்ளும் வெளியும் ஆட்டினார் பாஸ். ஆடியது. வீல் பெயரிங் தேய்ந்தாலும் இப்படித்தான் ஆடும். என்னை உள்ளே ஏறிப் பிரேக்கை இறுக்கி மிதிக்கச் சொன்னார். பிரேக் பிடித்ததும் ஆட்டம் நின்றால் குற்றம் பெயரிங்கில். எங்கள் காரில் நிற்கவில்லை. இடமும் வலமும் பிடித்து ஆட்டியபோது ஒன்றும் அசையாததால், ஸ்டியரிங்கைச் சில்லோடு இணைக்கும் டை ரொட் எண்டில் பழுதில்லை என்று விட்டார். கடைசியாக ஒரு சின்ன அலவாங்கை லோவர் ஆர்முக்கும், சில்லு பொருந்தும் இரும்புத் துண்டான நக்கிளுக்கும் நடுவே கொடுத்து நெம்பினார். ஜொயின்ட் இருக்கும் இடத்தில் இடைவெளி திறந்து மூடுவது கண்ணுக்கே தெரிந்தது. நல்ல ஜொயின்ட்டில் அந்த இடத்தில் அசைவு தெரியவே கூடாது.

அதைவிட எனக்குப் பிடித்த சோதனை ஒன்று இருக்கிறது. கார் தரையில் நிற்கும்போதே ஒருவர் எஞ்சினை நிறுத்திவைத்து ஸ்டியரிங்கைக் கொஞ்சமாக இரண்டு பக்கமும் அசைக்க, மற்றவர் கையை விட்டு அந்த ரப்பரையும் அதன் மேலே உள்ள நட்டையும் தொட்டுப் பார்ப்பது. இப்போது என் மனைவி ஸ்டியரிங்கில் இருப்பார், நான் கீழே. நல்ல ஜொயின்ட் வழுக்கிக்கொண்டு திரும்பும். தேய்ந்ததில் அம்மியில் மணல் அரைபடுவது போல ஒரு நறநறப்பு விரலுக்கு வரும். காதுக்குக் கேட்பதற்கு ரொம்ப முன்னாலேயே விரலுக்குத் தெரிந்துவிடும்.

சத்தத்தை வைத்து மட்டும் முடிவெடுக்கக் கூடாது என்று நான் சொல்வது இதனால்தான். ஸ்டெபிலைசர் லிங்க் சின்னச் சின்னக் குழியில் கடகடக்கும். லோவர் ஆர்ம் புஷ் கிழிந்தால் பிரேக் பிடிக்கும்போது ஒரு குத்து வரும். ஸ்ட்ரட்டின் மேல் பெயரிங் பழுதானால் ஸ்டியரிங்கைத் திருப்பும்போது ஸ்பிரிங் முறுகி விடுபடும் சத்தம் வரும். போல் ஜொயின்ட்டோ மெதுவாக, முழுக்க ஒடித்துத் திரும்பும்போது தட்டும். ஆனால் இவை ஒன்றோடொன்று கலந்துதான் காதுக்கு வருகின்றன. ரப்பர் பொய் சொல்லாது. ரப்பர் கிழிந்த நாளிலிருந்து ஜொயின்ட்டின் நாட்கள் எண்ணப்படுகின்றன, சத்தம் கடைசியில் வருவது.

கொழும்பில் ஓடும் காருக்கு இது இன்னும் பொருந்தும். ஒரு மழை பெய்தால் வீதியோரம் சில்லு மூழ்கத் தண்ணீர் நிற்கிறது. கிழிந்த ரப்பருக்குள் அந்தச் சேற்றுத் தண்ணீர் போனால் கிரீஸ் நிலைக்காது. இடது ஜொயின்ட் எப்போதும் முதலில் போவதற்கும் காரணம் இருக்கிறது என்று நினைக்கிறேன். நாங்கள் இடப்பக்கம் ஓட்டுகிறோம், வடிகான் மூடியும் உடைந்த தார் விளிம்பும் அந்தச் சில்லுக்குத்தான். கடற்கரை ஓரத்தில் நிறுத்தும் காரில் போல்ட்டுகளை உப்புக் காற்று தின்பது தனி.

இது அறுந்தால் என்ன நடக்கும் என்று பாஸிடம் கேட்டேன். ஜொயின்ட்டின் தண்டு அதன் கிண்ணத்திலிருந்து கழன்று வந்தால் சில்லின் அடி எங்கேயும் பிடிப்பில்லாமல் வெளியே விரியும், முன்பக்கம் அந்த மூலையில் தரையில் இறங்கும், ஸ்டியரிங்கைத் திருப்பிப் பயனில்லை என்றார். நாவலப் பக்கம் ஒரு சந்தியில் அப்படி மடங்கிக் கிடந்த காரை நானே ஒருமுறை பார்த்திருக்கிறேன். மெதுவாகத் திரும்பும்போது நடந்ததால் யாருக்கும் ஒன்றும் ஆகவில்லை. முறிகண்டியில் கேட்ட சத்தத்தோடு வவுனியா தாண்டி, பிள்ளைகளையும் வைத்துக்கொண்டு, நூறில் ஓட்டி வந்தது அன்றுதான் எனக்கு உறைத்தது. எங்கள் நாட்டில் சொந்தக் காருக்கு வருட வரிப்பத்திரம் எடுக்கப் புகைச் சான்றிதழ் வேண்டும். சில்லுக்குக் கீழே யாரும் பார்ப்பதில்லை. அதை நாங்களேதான் பார்க்க வேண்டும்.

சாமான் வாங்க, கொழும்பில் வாகன உதிரிப்பாகக் கடைகள் நிறைந்த பஞ்சிகாவத்தைக்குப் போனேன். 121-இல் ஒரு வசதி, போல் ஜொயின்ட் லோவர் ஆர்மோடு சேர்ந்து வருவதல்ல. ஒரு போல்ட்டிலும் இரண்டு நட்டிலும் கழன்று வரும், தனியாக வாங்கலாம். சில கார்களில் ஆர்மையே மாற்ற வேண்டும். கடைகளில் மூன்று வகை சொன்னார்கள்: ஜெனுவின், ஜப்பான் பிராண்ட், பிறகு பெயர் தெரியாத பெட்டி. கழற்றிய ரீகண்டிஷன் ஆர்மை ஜொயின்ட்டோடு தரவும் ஆள் இருந்தது. இன்னொருவருடைய தேய்மானத்தைக் காசு கொடுத்து வாங்குவது அது என்று அதை விட்டேன். ஆனால் ஷொக்குக்கும் லிங்க்குக்கும் செலவழித்திருந்ததால், பெயர் தெரியாத பெட்டியை எடுத்தேன். ஜெனுவினின் கால்வாசி விலைதான். பாஸ் பார்த்தார், ஒன்றும் சொல்லாமல் போட்டுத் தந்தார்.

அந்தச் சோடி ஓடியது 9 ஆயிரம் கிலோமீட்டர். 2020 ஊரடங்கில் கார் நின்ற மாதங்களும் அதற்குள் அடக்கம். ஜூலையில் குனிந்து பார்த்தபோது இரண்டு பக்க ரப்பரும் மடிப்பு மடிப்பாக வெடித்திருந்தன. வலப்பக்கத்தில் ரப்பரைச் சுற்றிய கம்பி வளையமே கழன்று கிடந்தது. ஊசியால் கிரீஸ் ஏற்றிக் கொஞ்ச நாள் ஓட்டலாம் என்று ஒருவர் சொன்னார். கிரீஸ் தேய்ந்த உலோகத்தைத் திரும்பத் தராது, சத்தத்தை மட்டும் மூடிவைக்கும். அது எனக்கு வேண்டாம்.

இந்த முறை பஞ்சிகாவத்தையில் வேறொரு கடைக்கார நானாவிடம் ஜப்பானின் 555 பிராண்ட் வாங்கினேன். போலியும் புழங்குவதால் பெட்டியைத் திறந்து பார்த்துத்தான் எடுத்தேன். பெயர் உலோகத்தில் தெளிவாகப் பொறித்திருக்கிறதா, ரப்பரின் வளையம் இறுக்கமாக உட்கார்ந்திருக்கிறதா, கூடவே புது நட்டும் அது கழலாமல் பூட்டும் கொட்டர் பின்னும் வருகிறதா என்று பார்த்தேன். முக்கியமாகத் தண்டைப் பிடித்துச் சுற்றிப் பார்த்தேன். இரண்டு விரலுக்கு லேசில் அசையாத, ஒரே சீரான இறுக்கம். பழையதைக் கழற்றிக் கையில் எடுத்தபோது தண்டு வாடிய கீரைத் தண்டு மாதிரித் தலை சாய்ந்தது. இரண்டையும் பக்கத்தில் வைத்துப் பார்த்தவருக்கு வேறு விளக்கம் தேவையில்லை.

மாற்றும் வேலையை இந்தத் தடவை பாஸுக்குப் பக்கத்திலேயே நின்று பார்த்தேன். முதல் நாள் இரவே போல்ட்டுகளுக்கு டபிள்யூடி-40 அடித்து ஊறவைத்திருந்தேன். கொட்டர் பின் துருவில் அறுந்து, துளையிட்டுத்தான் வந்தது. தண்டு நக்கிளுக்குள் சரிவாக இறுகியிருப்பதால் நட்டைக் கழற்றினாலும் சும்மா வராது. கவட்டுக் கம்பியை அடித்து இறக்கினால் வரும், ஆனால் ரப்பர் கிழியும். புதிதாகப் போட்ட ஜொயின்ட்டை வேறு வேலைக்காக எப்போதாவது கழற்ற நேர்ந்தால் அந்தக் கம்பியை உள்ளே கொடுக்கவே கூடாது. பாஸ் இழுவைக் கருவியை மாட்டி இறுக்கிவிட்டு, நக்கிளின் காதில் சுத்தியலால் பக்கவாட்டில் ஒரு அடி கொடுத்தார். துப்பாக்கி வெடித்த மாதிரி ஒரு சத்தத்தோடு விடுபட்டது. அந்த நேரம் சில்லுப் பக்கத்தை வெளியே இழுபட விடக் கூடாது. பிரேக் ஹோஸ் இழுபடும், எக்சலின் உள் ஜொயின்ட் கழன்றுபோகும்.

போடும்போது இரண்டு விஷயம் கவனித்தேன். தண்டின் சரிவான பகுதியையும் அது உட்காரும் துளையையும் துடைத்து உலர்ந்தபடியே போட்டார், கிரீஸ் பூசவில்லை. நட்டை அளவுக்கு இறுக்கியபின் கொட்டர் பின் துளை நேராக வராவிட்டால் இன்னும் கொஞ்சம் இறுக்கித்தான் நேராக்க வேண்டும், ஒருபோதும் தளர்த்தக் கூடாது. இறுக்கத்தை அளக்கும் டோர்க் ரென்ச் என்னுடையது. வீல் நட்டுக்கு 103 நியூட்டன் மீட்டர், அதை நானே வைத்தேன். அடுத்த நாளே எலைன்மன்ட்.

அதன்பின் 56 ஆயிரம் கிலோமீட்டர் ஓடியிருக்கிறேன். 2022-இல் பெட்ரோல் வரிசையில் தள்ளித் தள்ளி நகர்த்தியதும், நான்கு முறை யாழ்ப்பாணம் போய் வந்ததும் இதில் சேர்த்தி. இடப்பக்கம் இழுப்பது போய்விட்டது. டயர் உட்புறம் தேய்வது நின்றது, ஒரு சோடி டயர் சமமாகத் தேய்ந்து முடியும்வரை ஓடியது. அந்த மலிவுச் சோடிக்குக் கொடுத்த காசோடு இரண்டாவது கூலியையும் எலைன்மன்டையும் கூட்டினால், முதலிலேயே நல்லதை வாங்கியிருக்கலாம். 2020 மார்ச்சில் வாகன இறக்குமதி நின்று, 2025 பெப்ரவரியில்தான் சொந்தக் கார்களுக்குத் திறந்தது. திறந்தபின்பும் வரியோடு சேர்த்த விலை எங்களைப் போன்றவர்கள் கிட்டப் போகும் விலை இல்லை. 2022-இல் டொலர் 200 ரூபாயிலிருந்து 360 வரை ஏறியபோது சாமான் விலையும் ஏறியது. இருந்தும் ஒரு சோடி நல்ல போல் ஜொயின்ட் இன்றைக்கும் ஒரு நல்ல டயரைவிடக் குறைவு.

போன ஞாயிறு வழக்கமான சோதனை. எங்கள் ஒழுங்கை கடல் பக்கம் சரிவு என்பதால் பின்சில்லுக்குக் கல் அடைவைத்து, ஜெக் ஸ்டாண்டும் போட்ட பிறகே கையை உள்ளே விட்டேன். அலவாங்குக்கு அசைவில்லை, விரலுக்கு நறநறப்பு இல்லை. ஆனால் இடது ரப்பரின் மேல் மடிப்பில் நகத்தால் கீறியது போல ஒரு வெடிப்பு ஆரம்பித்திருக்கிறது. இன்னும் ஆழமாகவில்லை, கிரீஸும் கசியவில்லை. நேற்றுப் பஞ்சிகாவத்தையில் அதே நானாவிடம் அதே 555 ஒரு சோடி வாங்கினேன். "போன தடவ போட்டது போயிட்டா தம்பி?" என்று கேட்டார். இல்லை, இன்னும் நன்றாக இருக்கிறது என்றேன். பெட்டி டிக்கியில் இருக்கிறது, சனிக்கிழமை காலை ஏழு மணிக்கு பாஸ் வரச் சொல்லியிருக்கிறார்.