கேம்களை வேறு டிரைவுக்கு மாற்றுவது: எந்த வழி யாருக்கு?

சி டிரைவின் பட்டை சிவப்பாகிவிட்டது. 'பால்டர்ஸ் கேட் 3' ஒன்றுக்கே 150 ஜிபி வேண்டும். புதிதாக ஒரு டிரைவ் வாங்கி மாட்டியாயிற்று. ஏற்கெனவே இன்ஸ்டால் செய்து, பேட்ச் எல்லாம் போட்டு வைத்திருக்கும் கேம்களை அங்கே எப்படிக் கொண்டுபோவது?

நான்கு வழிகள் இருக்கின்றன. கேம்களை இறக்கி இயக்கும் ஸ்டீம், எபிக் போன்ற மென்பொருளிடமே, அதாவது லாஞ்சரிடமே, நகர்த்தச் சொல்லலாம். நாமே ஃபோல்டரைக் காப்பி செய்யலாம். ஃபோல்டரை நகர்த்திவிட்டு, பழைய இடத்தில் ஜங்ஷன் என்கிற இணைப்பைப் போடலாம். அல்லது அழித்துவிட்டு முதலிலிருந்து டவுன்லோட் செய்யலாம். நான்கையும் வெவ்வேறு சமயங்களில் செய்திருக்கிறேன். எனக்குத் தெளிவான விருப்பம் ஒன்று உண்டு. ஆனால் அது எல்லா லாஞ்சருக்கும் பொருந்தாது.

முதலில் ஒன்றைப் புரிந்துகொண்டால் மற்றதெல்லாம் எளிது. கேமின் ஃபைல்கள் வேறு, அந்த கேம் எங்கே இருக்கிறது என்று லாஞ்சர் எழுதி வைத்திருக்கும் கணக்கு வேறு. வீடு மாறும்போது சாமான்கள் லாரியில் வந்துவிடும்; ரேஷன் கார்டிலும் கேஸ் புத்தகத்திலும் முகவரி தானாக மாறாது. கேமை நகர்த்தும்போது வரும் தொல்லைகளில் பெரும்பாலானவை இந்த முகவரித் தொல்லைதான். ஃபைல் முழுதாக வந்து சேர்ந்திருக்கும், லாஞ்சர் மட்டும் 'இன்ஸ்டால் செய்' என்று பொத்தானைக் காட்டிக்கொண்டிருக்கும்.

ஸ்டீம்: இரண்டு வழியும் நல்ல வழிதான்

ஸ்டீமில் செட்டிங்ஸ் போய் ஸ்டோரேஜ் பக்கத்தைத் திறந்தால் டிரைவுகள் வரிசையாகத் தெரியும். புது டிரைவை அங்கே சேர்த்துவிட்டு, நகர்த்த வேண்டிய கேம்களை டிக் செய்து மூவ் என்று அழுத்தினால் போதும். ஃபைல்களைக் கொண்டுபோய் வைத்து, கணக்கையும் திருத்தி, பழையதை அழித்துவிடும். ஒர்க்‌ஷாப்பில் இறக்கிய மோட்களும், அதாவது ரசிகர்கள் செய்த கூடுதல் மாற்றங்களும், கூடவே போகும். ஒரே கம்ப்யூட்டரில் இரண்டு டிரைவும் மாட்டியிருந்தால் இதைத் தவிர வேறு எதையும் யோசிக்க வேண்டாம்.

கையால் காப்பி செய்யும் வழி வேறு சூழ்நிலைக்கானது. விண்டோஸை ஃபார்மேட் செய்யப் போகிறோம், அல்லது நண்பர் வீட்டிலிருந்து கேமை ஹார்ட் டிஸ்க்கில் எடுத்து வருகிறோம் என்றால் இதுதான் கைகொடுக்கும். ஸ்டீம்ஆப்ஸ் ஃபோல்டருக்குள் காமன் என்ற ஃபோல்டரில் கேம் இருக்கும். பலர் அதை மட்டும் எடுத்துக்கொண்டு வந்துவிடுகிறார்கள். முகவரி இருப்பது அதில் இல்லை. அதற்கு வெளியே, ஸ்டீம்ஆப்ஸிலேயே ஆப்மேனிஃபெஸ்ட் என்று தொடங்கி ஓர் எண்ணோடு முடியும் சின்ன ஃபைல்கள் வரிசையாக இருக்கும். கவுன்டர் ஸ்டிரைக்குக்கு 730, டோட்டா 2-க்கு 570 என்று ஒவ்வொரு கேமுக்கும் ஓர் எண். அந்தச் சின்ன ஃபைலையும் சேர்த்து எடுத்துப் புது இடத்தின் ஸ்டீம்ஆப்ஸில் வைத்தால், ஸ்டீமை மூடித் திறந்ததும் கேம் தயாராக இருக்கும்.

அதை எடுக்க மறந்திருந்தாலும் பதற வேண்டாம். கேம் ஃபோல்டரை காமன் உள்ளே அதே பெயரில் வைத்துவிட்டு, அதே டிரைவைத் தேர்ந்தெடுத்து இன்ஸ்டால் அழுத்துங்கள். இருக்கிற ஃபைல்களை ஸ்டீம் சரிபார்த்து, குறைகிறதை மட்டும் இறக்கும். மணிக்கணக்கில் டவுன்லோட் ஆக வேண்டியது நிமிடக்கணக்கில் முடியும்.

இன்னொன்று, பலருக்குத் தெரியாதது. பழைய கம்ப்யூட்டரின் ஹார்ட் டிஸ்க்கை அப்படியே புதியதில் மாட்டினால் எதையும் நகர்த்தவே தேவையில்லை. அதிலுள்ள ஸ்டீம் லைப்ரரி ஃபோல்டரை ஸ்டோரேஜ் பக்கத்தில் சேர்த்தாலே உள்ளே இருக்கும் கேம்கள் பட்டியலில் வந்துவிடும்.

கையால் செய்பவர்களுக்கு ஒரு வேண்டுகோள்: கட் செய்யாதீர்கள், காப்பி செய்யுங்கள். தம்பியின் கம்ப்யூட்டரில் ஒரு பெரிய கேமை நான் கட்-பேஸ்ட் செய்துகொண்டிருந்தபோது பாதியில் கரண்ட் போய்விட்டது. திரும்ப வந்து பார்த்தால் பாதி ஃபைல் இந்த டிரைவில், பாதி அந்த டிரைவில். இரண்டையும் ஒன்றாக்கி, ஸ்டீமில் ஃபைல்களைச் சரிபார்க்க விட்டு மீட்க ஒரு மாலை முழுக்கப் போனது. காப்பி செய்திருந்தால் பழையது பத்திரமாக அப்படியே இருந்திருக்கும்.

மற்ற லாஞ்சர்களில் நிலைமை

எபிக்கில் கையால் காப்பி செய்தால் மட்டும் போதாது. அதன் கணக்கு சி டிரைவில் புரோகிராம்டேட்டா என்ற மறைந்திருக்கும் ஃபோல்டருக்குள் தனியாக இருக்கிறது. அதற்காக வெகுகாலமாக எல்லோரும் செய்துவரும் வித்தை ஒன்று உண்டு. கேம் ஃபோல்டரைப் பாதுகாப்பாக வேறு இடத்தில் காப்பி எடுத்துக்கொண்டு, லாஞ்சரில் கேமை அன்இன்ஸ்டால் செய்ய வேண்டும். பிறகு புது டிரைவில் இன்ஸ்டாலைத் தொடங்கி, ஒன்றிரண்டு சதவீதம் போனதும் நிறுத்தி, லாஞ்சரை மூட வேண்டும். காப்பி எடுத்து வைத்ததை அந்தப் புது ஃபோல்டரின் மேல் போட்டுவிட்டுத் திரும்பத் தொடர்ந்தால், இருக்கும் ஃபைல்களைச் சரிபார்த்து முடித்துக்கொள்ளும். வேலை செய்கிறது, நானும் செய்திருக்கிறேன். ஆனால் ஸ்டீமின் ஒரு பொத்தானுக்கு முன்னால் இது நீண்ட சடங்கு. நடுவில் இரண்டு மடங்கு இடமும் வேண்டும்.

எக்ஸ்பாக்ஸ் ஆப், மைக்ரோசாஃப்ட் ஸ்டோர் வழியாக வந்த கேம்களைக் கையால் தொடவே வேண்டாம். அவற்றின் ஃபோல்டர் அனுமதிகள் தனி. காப்பி செய்தது இன்னொரு இடத்தில் ஓடாது. விண்டோஸ் செட்டிங்ஸில் ஆப்ஸ் பட்டியலில் அந்த கேமின் மூன்று புள்ளிகளைத் தட்டி மூவ் கொடுப்பதுதான் நேர்வழி. விண்டோஸைத் திரும்பப் போட்ட பிறகு இந்த ஸ்டோர் ஆப்கள் இருந்த பழைய விண்டோஸ்ஆப்ஸ் ஃபோல்டரை அழிக்கவிடாமல் அடம்பிடிப்பதைப் பார்த்தவர்களுக்கு நான் சொல்வது புரியும்.

ஜிஓஜி என்ற கேம் கடை இதற்கு நேர் எதிர். பூட்டு எதுவும் இல்லாமல் விற்கிறார்கள் என்பதால், ஃபோல்டரைக் காப்பி செய்து உள்ளேயிருக்கும் கேமை நேரடியாக இயக்கினாலே பெரும்பாலும் ஓடிவிடும். அவர்களுடைய கேலக்ஸி லாஞ்சரிலும் தெரிய வேண்டுமென்றால் அந்த ஃபோல்டரை இம்போர்ட் செய்தால் போதும். காசு கொடுத்து வாங்கியது உண்மையிலேயே நம்முடையது என்ற எண்ணம் எனக்கு வருவது இங்கேதான். பிளிஸார்டின் லாஞ்சரான பேட்டில்.நெட்டும் எளிது: காப்பி செய்துவிட்டு, கேம் இருக்கும் இடத்தைக் காட்டினால் ஏற்றுக்கொள்கிறது.

ஜங்ஷன்: கெட்டிக்கார வழி, ஆனால் கடைசி வழி

கேம் ஃபோல்டரை டி டிரைவுக்கு நகர்த்திவிட்டு, கமாண்ட் பிராம்ப்டில் எம்கேலிங்க் கட்டளையை /ஜே சேர்த்துக் கொடுத்தால், பழைய இடத்தில் அதே பெயரில் ஒரு வாசல் உருவாகும். லாஞ்சர் சி டிரைவில் தேடும். உள்ளே நுழைந்தால் டி டிரைவில் நிற்கும். முகவரியையே மாற்றாமல் வீட்டை மாற்றிவிடுகிறோம். நகர்த்தும் வசதி ஸ்டீமிலேயே இல்லாத காலத்தில் இதை நம்பித்தான் பலரும் இருந்தோம்.

இன்றைக்கு இதைப் பரிந்துரைக்க எனக்கு மனம் வரவில்லை. அப்டேட் வரும்போது லாஞ்சர் சி டிரைவின் காலி இடத்தைப் பார்த்துவிட்டு 'இடம் போதாது' என்று நிற்கலாம். யுஎஸ்பி டிரைவாக இருந்து அதன் எழுத்து மாறிவிட்டால் வாசல் மட்டும் இருக்கும், வீடு இருக்காது. ஆறு மாதம் கழித்து நாமே மறந்துவிட்டு அந்த டிரைவை ஃபார்மேட் செய்துவிடும் ஆபத்தும் உண்டு. சி டிரைவைத் தவிர வேறெங்கும் உட்கார மறுக்கும் பழைய கேம், அல்லது மோட் மேனேஜரில் பாதைகளையெல்லாம் மாற்றி எழுத வேண்டிய பெரிய மோட் தொகுப்பு, இந்த இரண்டுக்கும் மட்டும் ஜங்ஷனை வைத்துக்கொள்வேன்.

திரும்ப டவுன்லோட் செய்வது

இதைக் கணக்குப் போட்டு முடிவு செய்யலாம். 150 ஜிபி கேம், 100 எம்பிபிஎஸ் இணைப்பு (விநாடிக்கு 100 மெகாபிட், அதாவது 12.5 எம்பி) முழு வேகத்தில் ஓடினால் ஏறக்குறைய 3 மணி 20 நிமிடம். 40 எம்பிபிஎஸ் என்றால் 8 மணி நேரத்தைத் தாண்டும். அதையே ஹார்ட் டிஸ்க்கிலிருந்து விநாடிக்கு 120 எம்பி வேகத்தில் காப்பி செய்தால் 21 நிமிடம். சின்னச் சின்ன ஃபைல்கள் ஆயிரக்கணக்கில் இருந்தால் இன்னும் இழுக்கும். எக்ஸ்டர்னல் டிரைவைப் பழைய யுஎஸ்பி 2.0 துளையில் செருகினால் விநாடிக்கு 35 எம்பி சுமாருக்குத்தான் வரும். அதே கேமுக்கு ஒரு மணி நேரத்துக்கு மேல் ஆகும். நீல நிறத் துளை இருக்கிறதா என்று கம்ப்யூட்டரின் பின்பக்கம் ஒரு தடவை பார்த்துவிடுவது நல்லது. ஆக, மாத டேட்டாவுக்கு வரம்பு உள்ளவர்கள் காப்பி பக்கம்தான் நிற்க வேண்டும்.

ஆனால் பழைய ஹார்ட் டிஸ்க் கடகடவென்று சத்தம் போட்டு, காப்பி அடிக்கடி நின்று நின்று போகிறதா? அதோடு மல்லுக்கட்ட வேண்டாம், சேவ்களை (விளையாடி எட்டிய இடத்தைச் சேமித்த ஃபைல்களை) மட்டும் முதலில் காப்பாற்றிவிட்டு டவுன்லோடையே போடுங்கள். 5 ஜிபிக்குக் கீழுள்ள கேம்களுக்கும் அதுவே மேல். வீட்டில் இன்னொரு கம்ப்யூட்டரில் அதே கேம் ஸ்டீமில் இருந்தால் இணையமே தேவையில்லாத அளவுக்கு ஒரு நல்ல வழி 2023-இல் வந்தது: ஒரே நெட்வொர்க்கில் உள்ள கம்ப்யூட்டரிலிருந்து ஃபைல்களை ஸ்டீமே இழுத்துக்கொள்ளும்.

எதை எந்த டிரைவுக்கு என்பதிலும் கவனம் வேண்டும். இடம் போதவில்லை என்று பெரிய கேமைத் தூக்கி ஹார்ட் டிஸ்க்கில் போடுவதுதான் எல்லோருக்கும் முதலில் தோன்றும். ஆனால் ஸ்டார்ஃபீல்டும் பால்டர்ஸ் கேட் 3-உம் ஹார்ட் டிஸ்க்கைவிடப் பல மடங்கு வேகமான எஸ்எஸ்டி டிரைவைக் கேட்கின்றன. சைபர்பங்க் 2077-உம் 2023-இல் 2.0 அப்டேட்டோடு குறைந்தபட்சத் தேவையிலேயே எஸ்எஸ்டியைச் சேர்த்துவிட்டது. ஹார்ட் டிஸ்க்குக்குப் போக வேண்டியவை பழைய கேம்களும் இரு பரிமாண கேம்களும்தான். அவை அங்கே சுகமாக ஓடும். ஒரு பெரிய கேமுக்குப் பதில் சின்னதாகப் பத்தை நகர்த்துங்கள்.

கடைசியாக சேவ்கள். மேலே சொன்ன எந்த வழியிலும் இவை பெரும்பாலும் நகராது, ஏனென்றால் கேம் ஃபோல்டரில் அவை இருப்பதே குறைவு. ஸ்டார்ட்யூ வேலியின் சேவ்கள் விண்டோஸ் பயனர் ஃபோல்டரில் உள்ள ஆப்டேட்டாவுக்குள் இருக்கின்றன. ஸ்கைரிமுடையவை டாக்குமென்ட்ஸில் மை கேம்ஸ் என்ற ஃபோல்டரில். கேமை டிரைவ் மாற்றுவதால் இவற்றுக்கு ஒன்றும் ஆகாது. விண்டோஸை ஃபார்மேட் செய்தால் மட்டும் போய்விடும். சில பழைய கேம்கள் சேவை கேம் ஃபோல்டரிலேயே வைக்கும்; அவற்றை அன்இன்ஸ்டால் செய்யும்போது சேவும் சேர்ந்தே போகலாம். அதனால் எந்த வழியில் நகர்த்தினாலும், கையில் பழைய காப்பி இருக்கும்வரை அதை அழிக்காமல், புது டிரைவிலிருந்து கேமைத் திறந்து, கடைசியாக விளையாடிய சேவை லோட் செய்து, கதாபாத்திரத்தை நாலடி நடக்கவிட்டுப் பாருங்கள்.