நிக்கோவுக்கு ஒரு நாள்: வழிகாட்டியோடு பேருந்திலா, நாமாக ரயிலிலா?

டோக்கியோவில் ஒரு நாள் கையில் மிஞ்சினால், கோயிலும் மலையும் அருவியும் சேர்த்துப் பார்க்க நிக்கோவைவிடத் தோதான ஊர் பக்கத்தில் இல்லை. வடக்கே ஏறத்தாழ 140 கிலோமீட்டர். போவதா வேண்டாமா என்பதில் யாருக்கும் குழப்பம் வருவதில்லை. எப்படிப் போவது என்பதில்தான் வருகிறது. காலையில் ஷின்ஜுகுவிலோ டோக்கியோ நிலையத்தின் அருகிலோ ஏற்றிக்கொண்டு, இருட்டிய பிறகு கொண்டுவந்து இறக்கிவிடும் சுற்றுலாப் பேருந்து ஒரு வழி. அசாகுசாவிலிருந்து தோபு நிறுவனத்தின் விரைவு ரயிலில் நாமே போய்வருவது மற்றொரு வழி. இரண்டிலும் போயிருக்கிறேன்: ரயிலில் ஒரு கோடையில், நண்பரோடு; பேருந்தில், திருச்சியிலிருந்து வந்திருந்த அப்பா அம்மாவோடு, நவம்பர் தொடக்கத்தில். என் ஓட்டு ரயிலுக்குத்தான். அதற்காகப் பேருந்தின் பக்கம் நியாயமே இல்லை என்று சொல்ல மாட்டேன்.

செலவுக் கணக்கை முதலில் முடித்துவிடலாம், அதில் பெரிய மர்மம் எதுவும் இல்லை. ரயிலில் அடிப்படைக் கட்டணத்தோடு விரைவு ரயிலுக்கான கூடுதல் கட்டணமும் சேர்ந்து, போகவர 6,000 யெனைத் தாண்டும். வெளிநாட்டுப் பயணிகளுக்கான நிக்கோ பாஸ் வாங்கினால் அடிப்படைக் கட்டணமும் ஊருக்குள் ஓடும் பஸ்ஸும் அதில் அடங்கும். விரைவு ரயில் கட்டணம் மட்டும் தனி. வழிகாட்டிப் பேருந்து 10,000 யெனை ஒட்டித் தொடங்கி, சாப்பாடு சேர்ந்தால் மேலே போகும். நுழைவுக் கட்டணம் உள்ளடக்கமா என்று பார்த்துக்கொள்ளுங்கள். தோஷோகு கோயிலுக்கு மட்டுமே பெரியவர் ஒருவருக்கு 1,600 யென். நான்கு பேர் கொண்ட குடும்பத்துக்கு வித்தியாசம் உறைக்கும். தனி ஆளுக்கு அது முடிவை மாற்றும் தொகை இல்லை. நேரமும் கிட்டத்தட்டச் சமம்தான். ரயில் ஒன்றே முக்கால் மணி நேரத்திலிருந்து இரண்டு மணி நேரம். பேருந்து, நெடுஞ்சாலையில் ஒரு நிறுத்தத்தோடு சேர்த்து இரண்டரை மணி நேரம், சாலை மனம் வைத்தால்.

வழிகாட்டியின் அருமை தோஷோகுவுக்குள் நுழைந்ததும் தெரியும். தொக்குகாவா வம்சத்தின் முதல் ஷோகனான (நாட்டை ஆண்ட படைத்தலைவர்) இயேயாசு 1616-இல் இறந்தார். மறு ஆண்டு அவரை இங்கே கொண்டுவந்து தெய்வமாக நிறுவினார்கள். இன்று நாம் பார்க்கும் கட்டடங்களில் பெரும்பாலானவை, அவருடைய பேரன் இயேமிட்சு 1636 வாக்கில் எழுப்பி முடித்தவை. அடக்கமும் வெறுமையும்தான் ஜப்பானிய அழகு என்று நினைத்துக்கொண்டு வருபவர்கள் இங்கே திகைத்துப்போவார்கள். தங்கம், அரக்கு, இண்டு இடுக்கு விடாமல் சிற்பம்; யோமெய்மோன் வாயிலில் மட்டும் 508 சிற்பங்கள். கோபுரம் பார்த்து வளர்ந்த கண்ணுக்கு இது அந்நியமாகவே படாது. ஆனால் அந்தச் சிற்பங்கள் என்ன சொல்கின்றன என்பது நமக்குத் தானாகத் தெரியாது.

தீயதைப் பார்க்காதே, பேசாதே, கேட்காதே என்ற மூன்று குரங்குகளை எல்லோரும் படம் எடுக்கிறார்கள். அவை இருப்பது குதிரை லாயத்தின் நெற்றியில். குரங்கு குதிரைகளை நோயிலிருந்து காக்கும் என்ற நம்பிக்கைதான் காரணம். அந்த மூன்றும் எட்டுப் பலகைகள் கொண்ட வரிசையில் ஒன்று மட்டுமே. முதல் பலகையில் தாய்க்குரங்கு, கண்ணுக்கு மேல் கையை வைத்துக் குட்டியின் எதிர்காலத்தை எட்டிப் பார்க்கிறது. அடுத்ததுதான் நம் மூவர்; பிள்ளைப் பருவத்தில் கெட்டது கண்ணிலும் காதிலும் விழக் கூடாது என்பது பொருள். பிறகு தனியாக உட்கார்ந்திருக்கும் குரங்கு, சோர்ந்த குரங்கு, அதைத் தேற்றும் நண்பன், காதல், மணவாழ்க்கையின் அலைகள், கடைசியில் கருவுற்ற குரங்கு. அங்கிருந்து கதை முதல் பலகைக்குத் திரும்பிவிடும். ரயிலில் போனபோது நண்பரும் நானும் மூன்று குரங்குகளை மட்டும் பார்த்துவிட்டு நகர்ந்தோம். இந்தக் கதையை எனக்குச் சொன்னவர் பேருந்தில் வந்த வழிகாட்டி அம்மையார்தான்.

யோமெய்மோன் தூண்களில் ஒன்றில் மட்டும் சுருள் வடிவம் தலைகீழாகச் செதுக்கப்பட்டிருப்பதையும் அவர்தான் காட்டினார். முழுமை அடைந்தது எதுவும் அன்றிலிருந்து தேயத் தொடங்கும், ஆகவே வேண்டுமென்றே ஒரு குறை வைத்தார்களாம். குழந்தையின் கன்னத்தில் வைக்கும் திருஷ்டிப் பொட்டுதான் இது என்று அப்பா உடனே பிடித்துக்கொண்டார். மேல் களஞ்சியத்தின் முகப்பில் இரண்டு யானைகள் இருக்கின்றன. வரைந்து கொடுத்த ஓவியர் கானோ தான்யூ யானையை நேரில் பார்த்திராதவர். கேள்விப்பட்டதை வைத்துக் கற்பனை செய்தார். தும்பிக்கையும் தந்தமும் சரியாக இருக்கின்றன, காதும் வாலும்தான் எங்கோ இடிக்கின்றன. தாயுமானவர் கோயில் யானைக்கு வாழைப்பழம் கொடுத்துப் பழகிய அம்மா நிமிர்ந்து பார்த்துவிட்டு, “பாவம், நம் ஊர்ப் பக்கம் ஒரு நடை வந்திருக்கலாம்” என்றார்.

இவ்வளவு சொன்ன பிறகும் ரயில் என்கிறேனே, ஏன்? ஒரே காரணம்: கடிகாரம் யார் கையில் இருக்கிறது என்பது.

நிக்கோ இரண்டு அடுக்கு ஊர். கீழே கோயில்கள். மேலே, கடல் மட்டத்திலிருந்து 1,269 மீட்டர் உயரத்தில் சூசென்ஜி ஏரியும், அதிலிருந்து 97 மீட்டர் விழும் கெகோன் அருவியும். இரண்டையும் இணைப்பது இரோஹாசாகா மலைச்சாலை. ஏற ஒரு பாதை, இறங்க வேறு பாதை. இரண்டிலும் சேர்த்து 48 கொண்டை ஊசி வளைவுகள். பழைய ஜப்பானிய அரிச்சுவடியின் ஓர் எழுத்து ஒவ்வொரு வளைவிலும் பலகையாக நிற்கும். சாதாரண நாளில் நிலையத்திலிருந்து ஏரிக்கு முக்கால் மணி நேரம். அக்டோபர் நடுவிலிருந்து நவம்பர் தொடக்கம் வரை, இலைகள் சிவக்கும் நாட்களில், அந்த முக்கால் மணி இரண்டு மணியாகும், மூன்றாகும். ஒரே எழுத்தை வெகுநேரம் வெறித்துப் பார்த்துக்கொண்டிருக்கலாம். இரண்டுமே ஒருவழிப் பாதைகள் என்பதால், ஏறத் தொடங்கிய வண்டி நடுவில் மனம் மாறித் திரும்பவும் முடியாது.

இன்னொரு பக்கம் தோஷோகுவின் நேரம். ஏப்ரல் முதல் அக்டோபர் வரை காலை 9 முதல் மாலை 5 மணி. நவம்பர் 1 முதல் மார்ச் முடியும்வரை 4 மணிக்கே மூடிவிடுவார்கள். மூடுவதற்கு அரை மணிக்கு முன்பே நுழைவு நின்றுவிடும். இலைகளைப் பார்க்க வரும் கூட்டம் உச்சத்தில் இருக்கும்போதே கோயிலின் பகல் ஒரு மணி நேரம் குறைகிறது.

நாங்கள் போன பேருந்து முதலில் மலையேறியது. காலையிலேயே ஏறினால் நெரிசல் இராது என்பது அவர்கள் கணக்கு. அன்று ஊரே அப்படித்தான் கணக்குப் போட்டிருந்தது. அருவியைப் பார்த்துவிட்டு, சாப்பிட்டு, இறங்கித் தோஷோகு வாசலுக்கு வந்தபோது மூன்று மணியைத் தொட்டிருந்தது. வழிகாட்டி அம்மையார் தன் கதைகளைப் பாதி ஓட்டமாகச் சொன்னார். அவரைக் குறை சொல்லவே முடியாது. குரங்கு, யானை, யோமெய்மோன் ஆயிற்று. தூங்கும் பூனைச் சிற்பத்தின் கீழே புகுந்து, இயேயாசுவின் சமாதிக்கு ஏறும் 207 கல்படிகளைக் கீழே நின்று பார்த்ததோடு சரி. ஹோன்ஜிதோ மண்டபத்தில், கூரையில் தீட்டிய டிராகனின் தலைக்கு நேர் கீழே மரக்கட்டைகளைத் தட்டினால் மணி உதிர்வதுபோல ஒலி நடுங்கும், ஓர் அடி தள்ளித் தட்டினால் வெறும் ‘டக்’ என்று அடங்கிவிடும். அதற்கான வரிசையில் நிற்கவும் நேரம் இல்லை. வெளியே வரும்போது காவலர்கள் கதவருகே காத்திருந்தார்கள்.

ரயிலில் போகிறவர் காலையின் முதல் விரைவு ரயில்களில் ஒன்றைப் பிடித்தால், ஒன்பது மணியை ஒட்டித் தோஷோகு வாசலில் நிற்கலாம். பள்ளிக் குழந்தைகளின் கூட்டமும் சுற்றுலாப் பேருந்துகளும் வந்து குவிவதற்குள் படிகளை ஏறி இறங்கிவிடலாம். பூனைக்குக் கீழே நின்று அண்ணாந்து பார்க்க இடம் கிடைக்கும். அது சின்னஞ்சிறியது, பின்னாலிருந்து ஆள் தள்ளினால் பார்க்காமலேயே கடந்துவிடுவோம். மதியத்துக்குள் கோயில்கள் முடிந்தால், பஸ் நிறுத்தத்தில் நின்று முடிவெடுக்கலாம். மலைச்சாலை எப்படி இருக்கிறது என்று நிலையத்தில் கேளுங்கள். நெரிசல் என்றால் மேலே போகாதீர்கள். உள்ளூர் பஸ்ஸும் அதே சாலையில்தான் போகிறது, சுற்றுலாப் பேருந்துக்கு வரும் கதிதான் அதற்கும். ஆனால் அருவியை விட்டுவிடலாம் என்ற உரிமை ரயில்காரருக்கு உண்டு. சுற்றுலா நிறுவனம் விளம்பரத்தில் அருவிப் படத்தைப் போட்டிருக்கிறது. அதை விட முடியாது. அதனால் வெட்டு எப்போதும் கோயிலின் மேல்தான் விழுகிறது.

அப்படி முதலில் வெட்டுப்படுவது தையூயின். பேரன் இயேமிட்சுவின் சமாதிக் கோயில், 1653-இல் கட்டியது. தாத்தாவை மிஞ்சக் கூடாது என்று ஒரு படி அடக்கியே கட்டினார்கள். தங்கம் உண்டு, ஆனால் கறுப்பு அரக்கின் மேல். சுற்றிலும் உயர்ந்த மரங்கள். என் கண்ணுக்கு நிக்கோவிலேயே அழகானது இதுதான், தோஷோகு இல்லை. அங்கே யாஷாமோன் வாயிலில் நான்கு இயக்கர்கள் காவல் நிற்கிறார்கள். நம் இலக்கியத்தில் வரும் அதே இயக்கர்கள், பௌத்தத்தோடு பயணப்பட்டுப் போனவர்கள். ஒருவருடைய முழங்கால்களில் யானை முகம் இருக்கிறது, தவறவிடாதீர்கள். ரின்னோஜி என்ற பௌத்தக் கோயிலின் பெரிய மண்டபத்தில் தங்க முலாம் பூசிய மூன்று பெரிய உருவங்களில் ஒன்றின் மகுடத்தில் குதிரைத் தலை இருக்கும். ஹயக்ரீவரின் பௌத்த வடிவம் அது. பேருந்து அட்டவணைகள் பலவற்றில் தையூயின் இருக்காது, எங்களுடையதிலும் இல்லை.

கதை சொல்ல ஆள் இல்லாத குறையை ரயில்காரர் கொஞ்சம் படித்துத்தான் ஈடுகட்ட வேண்டும். முந்தின இரவு ஒரு மணி நேரம் போதும். வழிகாட்டியின் தரமும் ஒரே மாதிரி இராது. 2018 ஜனவரியிலிருந்து ஜப்பானில் உரிமம் இல்லாதவர்களும் காசு வாங்கிக்கொண்டு வழிகாட்டலாம். தேசிய உரிமம் பெற்றவர் என்ற பட்டம்தான் தேர்வு எழுதியவர்களுக்கு உரியது. எங்களுக்கு நல்லவர் அமைந்தது அதிர்ஷ்டம்.

சாப்பாடு பற்றிச் சுருக்கமாக. நிக்கோவின் பெருமை யூபா, அதாவது காய்ச்சிய சோயா பாலின் மேல் படியும் ஆடை. சைவம் என்று நம்பிவிடாதீர்கள். அது மிதக்கும் குழம்பில் பெரும்பாலும் உலர்ந்த மீன் சாறு இருக்கும். சுற்றுலாவில் முன்பதிவின்போதே சொல்லிவிட்டால் ஏற்பாடு செய்வார்கள். இது பேருந்துக்கு ஒரு மதிப்பெண். ரயிலில் போனால் நிலையத்தருகே பொரித்து விற்கும் யூபா மாஞ்சூவையும் (இனிப்புப் பூரணம் வைத்த உருண்டை) கையோடு கொண்டுபோன புளியோதரையையும் நம்பலாம்.

வயதானவர்களோடு போனால்? பேருந்துதான் வசதி என்று எல்லோரும் சொல்கிறார்கள், நானும் அப்படி எண்ணித்தான் பதிவு செய்தேன். இருக்கை வசதி உண்மை. நிலையங்களில் ஏறி இறங்கும் அலைச்சல் இல்லை என்பதும் உண்மை. ஆனால் கோயிலுக்குள் கல்படிகளை யாரும் குறைத்துத் தரவில்லை, வழிகாட்டி ஏந்திய கொடியின் பின்னால் வேகமாக நடக்க வேண்டியிருந்தது, வளைவுகளில் அம்மாவுக்குத் தலை சுற்றியது. மூட்டு வலி உள்ளவர்களுக்கு அவசரம்தான் முதல் எதிரி. சக்கர நாற்காலியோடு போகிறவர்களுக்கு நான் சொல்லும் யோசனை செல்லாது, அந்த அனுபவம் எனக்கு இல்லை. பனிக்காலத்திலும் நான் போனதில்லை. சாலையில் உறைபனி இருக்கும் மாதங்களில், ஏரிவரை கட்டாயம் போக வேண்டும் என்றால், பழகிய ஓட்டுநர் ஓட்டும் பேருந்தை நானே தேர்ந்தெடுக்கக்கூடும். அதேபோல, அருவியும் ஏரியும்தான் முக்கியம், கோயில் ஒப்புக்குப் பார்த்தால் போதும் என்பவர்கள் கோடையில் தாராளமாகப் பேருந்தில் போகலாம்.

பேருந்து என்றே முடிவானால், பணம் கட்டுமுன் நிறுவனத்திடம் இரண்டு கேள்விகள் கேளுங்கள்: மலை முதலிலா, கோயில் முதலிலா? தோஷோகுவில் எவ்வளவு நேரம்? கோயில் முதலில், ஒன்றரை மணி நேரத்துக்குக் குறையாமல் என்று பதில் வந்தால் யோசிக்காமல் பதிவு செய்யலாம். சாலையைப் பொறுத்தது என்று இழுத்தால் வேறு நிறுவனம் பாருங்கள்.

ரயில் என்றால், விரைவு ரயிலில் எல்லாமே முன்பதிவு இருக்கைகள். ஒரு மாதத்துக்கு முன்பே விற்பனை தொடங்கிவிடும், இலையுதிர்கால வார இறுதிகளில் மாலை நேரத்து இருக்கைகள் வேகமாகத் தீரும். ஏரிவரை போகும் எண்ணம் இருந்தால் திரும்பும் ரயிலை மாலை ஐந்துக்கு முன்னால் எடுக்க வேண்டாம்; மலையிலிருந்து இறங்கும் பஸ் எப்போது வந்து சேரும் என்று யாரும் உறுதி சொல்ல மாட்டார்கள். அதையும் தவறவிட்டால் சாதாரண ரயில்கள் இருக்கின்றன. இரண்டொரு இடத்தில் மாற வேண்டும், நேரம் கூடும், ஆனால் அன்றிரவே டோக்கியோ வந்துவிடலாம்.