ரெப்பா, டிவியா? 1950-இல் ஒரு பிரிட்டிஷ் துணை நடிகர்

சின்ன வேடக்காரர் ஒருவருக்கு அன்று இரண்டு வழிகள்: ஊர் அரங்குகளின் வாராந்திர ரெபர்ட்டரி குழு (சுருக்கமாக ரெப்; ஒரே குழு வாரம் ஒரு புது நாடகம் போடும்), அல்லது லண்டன் அலெக்சாண்ட்ரா பேலஸிலிருந்து ஒளிபரப்பான பிபிசி தொலைக்காட்சி.

வருமானம்
ரெப்: சொற்பச் சம்பளம், ஆனால் சீசன் முழுக்க வாராவாரம் வரும்.
டிவி: நாடகத்துக்கு நாடகம் ஒப்பந்தம்.

உழைப்பு
ரெப்: இரவில் மேடை, பகலில் அடுத்த வார நாடகத்துக்கு ஒத்திகை.
டிவி: ஒத்திகைக்கு அவகாசம் கூடுதல். ஆனால் எல்லாம் நேரலை. ஞாயிறு இரவு நடித்த நாடகத்தை வியாழனன்று மறுபடி முழுசாக நடிக்க வேண்டும்! வசனம் மறந்தால், ஒலியை ஒரு கணம் துண்டித்துவிட்டு அடியெடுத்துக் கொடுப்பார்கள்.

நிலைப்பு
ரெப்: திரை விழுந்ததும் போச்சு.
டிவி: இதுதான் என்னை வருத்துவது. ஒளிபரப்பைப் படச்சுருளில் பதியும் முறை 1947-இலேயே வந்துவிட்டது. இருந்தும் பெரும்பாலான நாடகங்களைப் பதியவே இல்லை. எத்தனையோ பேரின் உழைப்புக்கு இன்று மிச்சம் பிபிசியின் நிகழ்ச்சி நிரல் இதழான ரேடியோ டைம்ஸில் ஒரு பெயர் மட்டுமே.

தொழில் பழகவும் வாடகை கட்டவும் ரெப்தான். ஏற்கெனவே கை தேர்ந்தவர், இடைவெளிகளைத் தாங்கக் கூடியவர் என்றால் டிவி. 1955 செப்டம்பரில் பிபிசிக்குப் போட்டியாக ஐடிவி என்ற வணிகத் தொலைக்காட்சி தொடங்கிய பிறகு வாய்ப்புக் கேட்க இன்னொரு கதவும் திறந்தது.