நாலு லட்சத்து இருபதாயிரம் கொடுத்து நான் வாங்கிய 120.0 டிகிரி – எச்சரிக்கைப் பதிவு

கோபத்தில்தான் எழுதுகிறேன், முன்னே பின்னே இருந்தால் பொறுத்துக்கொள்ளுங்கள். தெர்மல் கேமராவுக்கு (சூட்டைப் படமாகக் காட்டும் கேமரா) சாஃப்ட்வேர் எழுதித் தருகிறேன் என்று ஒருவன் என்னிடம் நாலு லட்சத்து இருபதாயிரம் வாங்கிவிட்டான். ஃப்ரீலான்ஸ் ஆட்களைப் பிடித்துக் கொடுக்கும் ஆன்லைன் தளம் ஒன்றில் கிடைத்த ஆள். எந்தத் தளம் என்று கேட்காதீர்கள், சொல்லப்போவதில்லை.

நான் செய்வது மின் பேனல் இன்ஸ்பெக்‌ஷன். லோடு ஓடும்போதே தெர்மல் கேமராவில் பார்த்து, எந்த ஜாயிண்ட் சூடாகிறது என்று ரிப்போர்ட் கொடுப்பேன். என்னிடம் இருப்பது யுஎஸ்பியில் சொருகும் சின்ன கேமரா, 256×192 பிக்சல். அதோடு வந்த ஆப்பில் படம் பிடிக்கலாம், அவ்வளவுதான். எனக்கு வேண்டியது வேறு: நான் குறிக்கும் ஜாயிண்டின் டெம்பரேச்சர் நிமிஷத்துக்கு ஒருமுறை பதிவாக வேண்டும், 90 டிகிரியைத் தாண்டினால் அலாரம் அடிக்க வேண்டும், ரிப்போர்ட் தானாக வர வேண்டும். "இதே கேமரா என்கிட்டயும் இருக்கு சார், ஆறு வாரத்துல முடிச்சிடலாம்" என்றார். (அப்போது 'என்றார்'. இப்போது அந்த மரியாதை வரவில்லை.) அட்வான்ஸ் ஒரு லட்சம் போட்டேன்.

நான் விழுந்த இடம் டெமோ. வீடியோ காலில் உள்ளங்கையைக் காட்டினான். திரையில் 34.2. அங்கேயே நம்பிவிட்டேன். 37 என்று காட்டியிருந்தால் சந்தேகப்பட்டிருப்பேன். உள்ளங்கையின் மேற்பரப்பு 33, 34தான் இருக்கும் என்று எனக்குத் தெரியும். எனக்குத் தெரிந்ததை வைத்தே என்னை மடக்கிவிட்டான். அடுத்து வெந்நீர் டம்ளர். "ஒரு நிமிஷம் சார், ரேஞ்ச் மாத்திக்கறேன்" என்றான், ஸ்கிரீன் ஷேர் போனது. திரும்பி வந்தபோது டம்ளர் 71.5. நான் கைதட்டாத குறை. அன்றே இரண்டு லட்சம் ரிலீஸ் செய்தேன். சாஃப்ட்வேர் கைக்கு வந்ததும் மீதி ஒரு லட்சத்து இருபதாயிரமும் போனது. வந்ததோ வெறும் exe (கிளிக் செய்தால் ஓடும் புரோகிராம் ஃபைல்) அல்ல, அதற்கு ஓர் அழகான இன்ஸ்டாலர் வேறு! சோர்ஸ் கோட் (புரோகிராமாக எழுதிய மூல வரிகள்) மட்டும் "அடுத்த வாரம் சார்".

முதல் வேலையில் மூன்று பேனல். மூன்றிலும் அலாரம், மூன்றிலும் அதிகபட்சம் 120.0. இத்தனை வருஷம் இந்தத் தொழிலில் இருப்பவன் நான், அந்த மூன்று 120.0ஐப் பார்த்த உடனே கேமராவைக் கீழே வைத்திருக்க வேண்டும். வைக்கவில்லை. கஸ்டமர் என் பேச்சை நம்பி லைனை நிறுத்தி, ஒரு பேனலைப் பிரித்தார். போல்ட் எல்லாம் இறுக்கம். நிறம் மாறவில்லை, இன்சுலேஷன் கருகவில்லை. அவர் ஒன்றும் சொல்லவில்லை, என்னைப் பார்த்தார். அந்தப் பார்வைதான் இன்னும் உறுத்துகிறது.

வீட்டுக்கு வந்து கேமராவை வெறும் சுவரில் காட்டினேன். சுவர் 120.0. ஃபேனுக்குக் கீழே காற்று வாங்கிக்கொண்டிருந்த சுவர்!

கேட்டதற்கு வந்த பதில்களைக் கேளுங்கள். முதலில் "காப்பர் பளபளன்னு இருக்கும் சார், எமிசிவிட்டி பிரச்சினை". பளபளப்பான செம்புக்கு எமிசிவிட்டி, அதாவது வெப்பக் கதிரை வெளிவிடும் திறன், குறைவு. அதனால் சூடான பஸ்பார்கூட (பேனலுக்குள் கரண்ட் ஓடும் செம்புப் பட்டை) ஆறியதுபோலத்தான் காட்டும். அது தெரிந்துதான் கறுப்பு இன்சுலேஷன் டேப் ஒட்டி, எமிசிவிட்டியை 0.95 என்று வைத்துப் பார்க்கிறேன். சுவரில் ஏதப்பா செம்பு? அடுத்து, கேமராவுக்குள் இருக்கும் ஷட்டர் 'டிக்' என்று அடித்து செட்டில் ஆக அரை மணி நேரம் விடணுமாம். விட்டேன், அதே 120.0. அதற்கடுத்து கேலிபரேஷனுக்கு நானே பிளாக்பாடி (தெரிந்த சூட்டில் வைத்து கேமராவைச் சரிபார்க்கும் கருவி) வாங்கணுமாம். கடைசியில் "அது ஃபேஸ் டூ சார், தனி கொட்டேஷன்". அப்புறம் ப்ளூ டிக் மட்டும்தான் வந்தது, பதில் இல்லை.

புரோகிராமிங் தெரிந்த நண்பர் ஒருவர் உட்கார்ந்து பார்த்தார். கேமராவை நேரடியாகத் திறந்ததும் "படம் ஏன் இவ்வளவு நெட்டையா இருக்கு?" என்றார். 256×384. மேல்பாதி கண்ணுக்குக் காட்டும் படம். கீழ்ப்பாதி ஒவ்வொரு பிக்சலுக்குமான டெம்பரேச்சர், 16 பிட் எண்ணாக. அதை 64ஆல் வகுத்து 273.15 கழித்தால் செல்சியஸ். வெந்நீரில் ஒரு பிக்சலை எடுத்தோம்: 22461. கணக்குப் போட்டால் 77.8. தெர்மாமீட்டரில் 78.

அந்த exe உள்ளே இருந்தது பைத்தான்தான். பிரித்துப் பார்த்தால், முதல் வேலையே கீழ்ப்பாதியை வெட்டி எறிவது. பிறகு மேல்பாதியின் நிறத்தை எடுத்து, கறுப்புக்கு 20, வெள்ளைக்கு 120 என்று பங்கு போட்டிருக்கிறான். மேல்பாதியில் இருப்பதிலேயே சூடான புள்ளிதான் எப்போதும் வெள்ளை, அதனால் எதைக் காட்டினாலும் அந்தப் புள்ளி 120தான். ஐஸைக் காட்டினாலும் 120தான். டெமோவில் 'ரேஞ்ச் மாத்திக்கறேன்' என்றது, அந்த இரண்டு எண்ணையும் கையால் அடித்ததுதான். நண்பர் நாற்பது வரியில் சரியான டெம்பரேச்சரை எடுத்துக் காட்டிவிட்டார். நாலு லட்சத்து இருபதாயிரம், நாற்பது வரி.

தளத்தில் புகார் கொடுத்தேன். அவர்கள் பதில்: மூன்று தவணையையும் நீங்களே ஒப்புதல் கொடுத்து ரிலீஸ் செய்திருக்கிறீர்கள், டிஸ்ப்யூட் போடும் காலமும் முடிந்துவிட்டது, 'தரம் குறித்த கருத்து வேறுபாட்டில்' நாங்கள் தலையிடுவதில்லை. மூன்று மெயில், மூன்றிலும் ஒரே பத்தி. சுவர் 120 டிகிரி என்பது கருத்து வேறுபாடாம்!

என்ன செய்யணும் என்று விலாவாரியாக எழுத நினைத்தேன், இப்போது முடியாது. டெமோவுக்கு உங்கள் கேமராவையே மாட்டச் சொல்லுங்கள், வெந்நீரும் ஐஸ் தண்ணீரும் ஒரே ஃப்ரேமில் இருக்கணும், பக்கத்தில் தெர்மாமீட்டர். ஸ்கிரீன் ஷேர் நடுவில் போனால் வீடியோ காலையே கட் பண்ணுங்கள். பிக்சலின் ரா வேல்யூவை (கேமரா தரும் அசல் எண்) எங்கிருந்து எடுக்கிறாய் என்று கேளுங்கள், திணறினால் பணம் போடாதீர்கள். சோர்ஸ் கோட் வராமல் கடைசித் தவணை போடவே போடாதீர்கள்.

பேனல் கஸ்டமர் கூப்பிடுகிறார். மற்ற இரண்டு பேனலையும் பிரிக்கணுமா வேண்டாமா என்று கேட்பார். இன்றைக்கே போய், கேமராவோடு வந்த பழைய ஆப்பை வைத்துத் திரும்ப எடுக்கணும், காசு வாங்காமல்.